கல்லாற்றில் காத்திருந்த பெண்ணும் நான் தூக்கிய கையும்

திருவனந்தபுரம்
புதன்கிழமை

அன்பு மகள் பொன்செல்விக்கு அப்பா எழுதுவது. என் எழுத்தைப் பார்த்துச் சிரிக்காதே, சிரித்தாலும் மருமகன் பிரஜினைக் கூப்பிட்டுக் காட்டிச் சிரிக்காதே. வாழ்நாள் பூராவும் சுவர் எழுப்பினேன், தூக்குக்குண்டு விட்டுப் பார்த்தால் நூல் பிசகாது, ஆனால் இந்தக் காகிதத்தில் கோடு போட்டுக் கொடுத்திருந்தும் வரி பாதியில் மலையேறுகிறது, பிறகு சறுக்குகிறது. ‘ழ’வும் ‘ஞ’வும் என் கையில் பிடிபடாமல் ஓடுகின்றன. முதியோர் எழுத்து வகுப்பு டீச்சர் அது கொஞ்ச நாளில் சரியாகும் என்கிறார். மன்னித்துக்கொண்டு படி. இங்கே எங்கள் இரண்டு பேருக்கும் உடம்புக்கு ஒன்றும் இல்லை, அங்கே டொரொன்டோ குளிரில் உங்கள் மூன்று பேருக்கும் ஒன்றும் வரக்கூடாது என்று தினமும் நினைத்துக்கொள்கிறேன். போனிலேயே சொல்லியிருக்கலாமே என்று நீ கேட்பாய். போனில் நான் பேச ஆரம்பித்தால் நீ பாதியிலேயே சரிப்பா சரிப்பா என்று சொல்லி வேலைக்கு ஓடிவிடுவாய். இந்த விஷயத்தைப் பாதியில் விடக்கூடாது, கடைசி வரி வரை படிக்க வேண்டும். எழுதி முடித்ததும் நானே போட்டோ எடுத்து உனக்கு இன்றைக்கே அனுப்புகிறேன், தாளைத் தபாலிலும் போடுகிறேன். என் கையால் எழுதியது உன் வீட்டில் இருக்கட்டும் என்று ஒரு ஆசை, அதற்காகத்தான்.

அம்மா நன்றாக இருக்கிறாள். முட்டி வலி அதிகமும் இல்லை குறையவும் இல்லை, மாடிப்படி ஏறும்போது மட்டும் முருகனையும் என்னையும் சேர்த்துத் திட்டுகிறாள். மழை நிற்கவில்லை. சாலைக் கடைத்தெருவில் தண்ணீர் தேங்கி, காய்கறி வாங்கப் போனால் ஒரு செருப்போடு திரும்ப வேண்டியிருக்கிறது. பகவதியம்மாள் அத்தை பேரனுக்கு வள்ளியூரில் பெண் பார்த்திருக்கிறார்கள், பத்திரிகை வந்ததும் நானே வாசித்து அம்மாவுக்குச் சொன்னேன். பெண்ணின் படிப்பை வாசிக்கத்தான் திணறினேன், அந்தப் பிள்ளை அவ்வளவு படித்திருக்கிறது. இதையெல்லாம் எழுதும்போதே எனக்குச் சந்தோஷமாக இருக்கிறது தாயி, அதை மறைக்க முடியவில்லை. கடைப் பலகை, மருந்துச் சீட்டு, பிஸ்கட் உறை எதையும் விடுவதில்லை. அந்தச் சந்தோஷத்தால்தான் சனிக்கிழமை இந்தக் காரியம் நடந்தது. நீ ஆரம்பித்து வைத்த குழுவில் என்னைச் சேர்த்துவிட்டாயே, தமிழிலும் கம்ப்யூட்டரிலும் சிக்கல் என்று யார் யாரோ வந்து கேட்க, முகம் தெரியாதவர்கள் காசு வாங்காமல் பதில் எழுதுகிற இடம், அதில்தான். உன்னோடு குழுவைப் பார்த்துக்கொள்கிற விஜயலக்ஷ்மி அம்மா உனக்குச் சொல்லியிருப்பார்கள், அல்லது நீயே பார்த்திருப்பாய். சனிக்கிழமையிலிருந்து நீ என்னிடம் அதைப் பற்றி ஒன்றும் கேட்காமல் சாப்பிட்டீங்களா என்று மட்டும் கேட்டுவிட்டு வைப்பதிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. அதனால் நடந்ததை என் வாயால் கேள், இல்லை, என் கையால்.

நீ என்னைச் சேர்த்தது வாசித்துப் பழகத்தான், பதில் சொல்ல இல்லை, அது எனக்குத் தெரியும். ஆனால் ஸ்ரீ எப்படி அடிப்பது என்று ஒருவர் கேட்டதற்கும், புள்ளி எங்கே இருக்கிறது என்று ஒரு பாட்டி கேட்டதற்கும் நான் பதில் போட்டேன், இரண்டு பேரும் நன்றி என்று எழுதினார்கள். அந்த நன்றியை நான் எத்தனை தடவை வாசித்தேன் என்று அம்மாவிடம் கேள். அங்கே உள்ள முறையும் தெரியும். ஒரு கேள்விக்குக் கீழே ஒருவர் கைப் படத்தைப் போட்டுக் கை தூக்கிவிட்டால் அது அவருடையது, மற்றவர்கள் குறுக்கே வரக்கூடாது, ஆளுக்கு ஒன்று சொல்லிக் கேட்டவரைக் குழப்பக்கூடாது. எழுத்தில்தான் பதில் சொல்ல வேண்டும், குரலில் பேசி அனுப்பக்கூடாது, எழுதினால்தான் நாளைக்கு அதே சிக்கலோடு வருகிறவர் தேடி எடுக்க முடியும். எல்லாம் நீ வைத்த சட்டம்தான்.

சனிக்கிழமை சாப்பாட்டு நேரத்துக்கு முன்னால் அனுஷா என்று ஒரு பெண் கேள்வி போட்டிருந்தது. முதல் மூன்று வரியை விரலை வைத்து வாசித்தேன். பழைய கம்ப்யூட்டரில் தமிழில் அடித்து வைத்தது, வேறு இடத்தில் கொண்டுபோய் ஒட்டினால் இங்கிலீஷ் எழுத்தும் புள்ளியும் கோடுமாகக் குப்பையாக வருகிறது, என்ன செய்வது என்று கேட்டிருந்தது. எனக்கு உடம்பெல்லாம் பரபரத்தது. போன மாதம் டீச்சர் அனுப்பிய பாடம் என் போனில் அப்படித்தான் குப்பையாக வந்தது, நான் இதே குழுவில் கேட்டேன், எழுத்து மாற்றித் தருகிற ஒரு பக்கத்தைச் சொல்லிக் கொடுத்தார்கள். எனக்கு வந்த அதே வியாதி, மருந்தும் எனக்குத் தெரியும். உடனே கையைத் தூக்கிவிட்டேன். கேள்வி அதற்குக் கீழே இன்னும் இவ்வளவு நீளம் இருந்தது, அதை வாசிக்கவில்லை. உன்னைப் போல் ஒரு பார்வையில் முழுப் பக்கத்தையும் பார்க்கிறவர்களுக்கு இது விளங்காது. எனக்கு ஒரு வரி முடிந்து அடுத்த வரி என்பது ஒரு தெரு முடிந்து அடுத்த தெரு மாதிரி. முதல் தெருவிலேயே வீடு கிடைத்துவிட்டது என்று நினைத்துவிட்டேன்.

பிறகு பதில் எழுத உட்கார்ந்தேன். முகம் தெரியாத ஒரு பெண்பிள்ளைக்கு எழுதுகிறோம், எடுத்த எடுப்பில் அதை அமுக்கு இதை அமுக்கு என்று சொல்வது மரியாதை இல்லை என்று தோன்றியது. நலமா, வீட்டில் எல்லாரும் நலமா, உங்கள் பக்கம் மழை எப்படி என்று எழுத ஆரம்பித்தேன். அதுவே கால் பக்கம் வந்துவிட்டது, நடுவில் ஒரு ‘ஞ’ வேறு. மாடியில் காயப்போட்ட துணியை எடுக்க அம்மா கூப்பிட்டாள். நான் வேலையாக இருக்கிறேன், ஒரு பெண்ணுக்குக் கை தூக்கியிருக்கிறேன் என்றேன். அதற்கு அவள், “ஊரான் பிள்ளைக்குக் கை தூக்குத மனுசன், மாடியில கெடக்க துணிய எடுக்கக் கை தூக்க மாட்டேங்காரே, கலெக்டர் உத்தியோகம்லா பாக்காரு” என்றாள். போய்த் துணியை எடுத்தேன். எடுத்துவிட்டு வந்தால் சாளை மீன் குழம்பு மணத்தது, சூட்டோடு சாப்பிடுங்க என்றாள். சாப்பிட்டேன். இதை எழுத எனக்கு வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் எழுதுகிறேன், நான் கையைத் தூக்கி வைத்துவிட்டு மீன் முள்ளை நிதானமாக எடுத்துக்கொண்டிருந்தேன்.

கை கழுவிவிட்டு வந்து, பதிலை அனுப்பும் முன் கேள்வியை முழுதும் வாசித்துவிடுவோம் என்று அடுத்த வரிக்குப் போனேன். அந்தப் பெண் பொன்முடி எஸ்டேட் லயத்தில், கூலிக்காரர்களின் வரிசை வீட்டில், இருக்கிறது. அம்மா கொழுந்து பறிக்கிற வேலை. தமிழ்நாட்டில் ஒரு கல்லூரியில் தமிழ் ஆசிரியர் பயிற்சிக்கு விண்ணப்பம் போடுகிறது, ஏன் படிக்க விரும்புகிறாய் என்று சொந்தத் தமிழில் மூன்று பக்கம் எழுதி ஏற்ற வேண்டுமாம். எஸ்டேட் ஆபீஸில் இருக்கிற அரதப்பழைய கம்ப்யூட்டரில் பல நாளாக அடித்து, அங்கே நெட் கிடையாது என்பதால் மலை இறங்கிக் கல்லாற்றுக்கு வந்து, அங்கே ஒரு கம்ப்யூட்டர் கடையில் உட்கார்ந்திருக்கிறது. இன்றைக்குத்தான் கடைசி நாள், சாயங்காலத்தோடு விண்ணப்பம் ஏற்றுகிற வாசல் மூடிவிடும், மேலே போகிற கடைசி பஸ்ஸும் அதற்குக் கொஞ்ச நேரத்தில் வந்துவிடும், தயவுசெய்து சீக்கிரம் யாராவது சொல்லுங்கள் என்று கடைசி வரி. அதற்குக் கீழே யாராவது இருக்கீங்களா என்று தனியாக ஒரு வரி. அதற்கும் கீழே, ஐயா கை தூக்கியிருக்கீங்களே, இருக்கீங்களா என்று இன்னொன்று. ஒருவரும் பதில் போடவில்லை. ஏன் போடுவார்கள், என் கை மேலே நிற்கிறதே. அத்தனை பேர் அதைப் பார்த்துவிட்டு, சொரிமுத்து ஐயா பார்த்துக்கொள்வார் என்று மரியாதையாக ஒதுங்கிப் போயிருக்கிறார்கள்.

எழுதி வைத்திருந்த நலம் விசாரிப்பை அழிக்கப் போனேன், பதற்றத்தில் அது அப்படியே போய்விட்டது. அந்தப் பிள்ளை அங்கே நெஞ்சில் நெருப்போடு உட்கார்ந்திருக்க, உங்கள் பக்கம் மழை எப்படி என்று என் பதில் போய் விழுகிறது. எழுத்து மாற்றுகிற பக்கத்தின் பேரை அடிக்கிறேன், அவசரத்தில் வேறு வேறு எழுத்து விழுகிறது, அழித்தால் சரியானதும் சேர்ந்து அழிகிறது. அம்மா பக்கத்தில் வந்து நின்று என் முகத்தைப் பார்த்தாள். பிறகு, “வாயிருக்குல்லா, சொல்லித் தொலையுமே” என்றாள். குரலில் அனுப்பக்கூடாது என்று சட்டம் என்றேன். “அந்தப் பிள்ளைக்குப் பஸ் இருக்குன்னு சொன்னீரே” என்றாள். அந்த மைக் படத்தை அமுக்கிப் பேசினேன். இத்தனை வயதில் எழுதப் படித்து, எழுதுவதற்கென்றே இருக்கிற ஒரு இடத்துக்குப் போய், கடைசியில் வாயால்தான் பேச வேண்டியிருந்தது. யம்மா, நாந்தான் கை தூக்குன கிழவன், மன்னிச்சிரும்மா, இந்தப் பேருள்ள பக்கத்தைத் திற, அதில் இந்த வகை எழுத்து என்று தேர்ந்தெடு, ஒட்டு, மாற்று என்று சொன்னேன்.

பிறகு அந்தப் பெண்ணும் குரலிலேயே பதில் அனுப்பியது. பின்னால் ஆற்றுச் சத்தம் கேட்டது, மழைச் சத்தமாகவும் இருக்கலாம். “தாத்தா, நீங்க சொன்னபடியே செஞ்சேன், இப்ப வேற மாதிரி குப்பையா வருது. கடைக்காரச் சேட்டன் கரண்ட் எப்ப வேணா போகும்னு சொல்றாரு. நான் இப்ப என்ன செய்யட்டும்?” பிறகுதான் எனக்குச் சொன்னார்கள், பழைய எழுத்து எல்லாம் ஒரே வகை இல்லையாம், பல வகையாம், எது என்று தெரியாமல் மாற்றினால் ஒரு குப்பை இன்னொரு குப்பையாகுமாம். எனக்குத் தெரிந்தது எனக்கு வந்த ஒரு வகை மட்டும். அதைத் தெரிந்துகொண்டதற்கே மருத்துவன் ஆகிவிட்டேன்.

இதற்கு மேல் எனக்குத் தெரியாது. அதை அவளிடம் மட்டும் சொல்லிப் பிரயோசனம் இல்லை, எல்லாரிடமும் சொல்ல வேண்டும். கையை இறக்கினால் மற்றவர்கள் வருவார்கள், ஆனால் எப்படி இறக்குவது என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை, தூக்கத்தான் தெரியும். உன்னைக் கூப்பிடலாம் என்றால் அங்கே விடியவில்லை. திரும்பவும் மைக்கை அமுக்கி, எனக்குத் தெரியல, நான் தெரியாமக் கை தூக்கிட்டேன், இறக்கவும் தெரியல, யாராச்சும் வாங்க, பிள்ளைக்கு நேரம் போகுது என்று சொன்னேன். சொன்னேன் என்று எழுதுகிறேன், கத்தினேன் என்கிறாள் அம்மா.

வந்தார்கள் தாயி. கிணற்றில் ஆள் விழுந்தது என்றால் தெருவே ஓடிவருமே, அப்படி வந்தார்கள். இங்கே கோட்டைக்குள்ளிருந்து விஜயலக்ஷ்மி அம்மா, பெங்களூரிலிருந்து கைலாஷ் தம்பி, இன்னும் எனக்குப் பேர் தெரியாத இரண்டு பேர், அதில் ஒருவருக்கு அது நடுச்சாமமாம். கைலாஷ் இரண்டு வரியை அனுப்பச் சொல்லிப் பார்த்து இது இன்ன வகை என்று கண்டுபிடித்தார். மாற்றினால் தமிழ் வந்தது, ஆனால் அங்கங்கே கொம்பும் காலும் இடம் மாறி உட்கார்ந்திருந்தன. அப்படியே ஏற்றினால் தமிழாசிரியர் ஆகப்போகிற பிள்ளையின் தமிழ் இதுதானா என்று நினைப்பார்கள். விஜயலக்ஷ்மி அம்மா மூன்று பக்கத்தையும் குழுவிலேயே போடச் சொல்லி, ஆளுக்கு ஒரு பத்தி பார்த்துத் திருத்தித் தாருங்கள் என்று பிரித்துக் கொடுத்தார்கள். எனக்கும் ஒன்று கொடுத்தார்கள். பரிதாபப்பட்டுக் கொடுத்தார்களோ என்னவோ. நான் இரண்டு வரி வாசித்து நிமிர்ந்தால் மற்ற எல்லாரும் முடித்துவிட்டார்கள், சொரிமுத்துவின் பத்தி என்ன ஆச்சு என்று விஜயலக்ஷ்மி அம்மா கேட்டு எழுதியிருக்கிறார்கள். சரி என்று ஒரு வார்த்தை போட்டிருந்தால் எல்லாரும் நம்பியிருப்பார்கள். விரல் அந்தப் பக்கம் போகத்தான் செய்தது. ஆனால், இரண்டு வரிதான் படித்தேன், மீதியை வேறு யாராவது எடுங்கள் என்று குரலில் சொன்னேன். கைலாஷ் எடுத்து நொடியில் முடித்தார். அந்தப் பெண் எல்லாவற்றையும் சேர்த்து ஒட்டுகிறேன் என்றது, அமுக்கப் போகிறேன் என்றது. அதோடு சரி. பிறகு ஒரு வார்த்தை இல்லை. கரண்ட் போனதா, பஸ் வந்ததா, வாசல் மூடிவிட்டதா ஒன்றும் தெரியவில்லை. போயிட்டதாம்மா என்று ஒவ்வொருவராகக் கேட்டு எழுதினார்கள், இருட்டும் வரை கேட்டார்கள், எஸ்டேட்டில் சிக்னல் கிடையாது என்று தெரிந்தும் கேட்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் விஜயலக்ஷ்மி அம்மா போன் செய்தார்கள், எடுத்த உன் அம்மா எல்லாவற்றையும் சொல்லிவிட்டுத்தான் என்னிடம் தந்தாள். “சொரிமுத்து, கையைத் தூக்கிட்டுச் சாப்பிடப் போயிட்டேளாமே? ஃபைல் மேல கையை வச்சுண்டு சாப்பிடப் போறவாளை முப்பது வருஷம் ஆபீஸ்ல பாத்தாச்சு, சுவர் கட்டினவருக்கு அந்த வித்தை எப்படி வந்தது?” என்றார்கள். பிறகு குரல் இறங்கி, “அந்தக் குட்டிக்கு என்னாச்சுன்னு தெரியாம எனக்கும் இருப்புக் கொள்ளலை, காபி கூட ருசிக்கலை” என்றார்கள். அந்தக் குரல் செய்தியை நான் அழித்துவிடட்டுமா என்று கேட்டேன். வேண்டாம், இருக்கட்டும், தெரியாதுன்னு சொல்றது எப்படின்னு இங்கே நிறையப் பேருக்குத் தெரியாது என்றார்கள். இனிமேல் அடிவரை வாசித்துவிட்டுத்தான் கை தூக்க வேண்டும் என்று சத்தியம் வாங்கிக்கொண்டு வைத்தார்கள்.

எனக்கு வீட்டில் உட்கார முடியவில்லை. எனக்கென்று கொடுத்த பத்தியை எடுத்து, யாரும் அவசரப்படுத்தாததால், முதலிலிருந்து வாசித்தேன். மற்றவர்கள் எல்லாரும் கொம்பும் காலும் சரியாக இருக்கிறதா என்றுதான் பார்த்திருப்பார்கள், நேரம் அப்படி. நான் அந்தப் பெண் என்ன சொல்கிறது என்று வாசித்தேன். அது அந்தப் பிள்ளையின் அம்மாவைப் பற்றியது. அதில் இருந்ததை நான் இங்கே எழுதப் போவதில்லை, அது அவர்கள் வீட்டு விஷயம். ஒன்றை மட்டும் சொல்கிறேன், இல்லாவிட்டால் நான் பிறகு செய்தது உனக்குப் புரியாது. அந்த அம்மாவுக்கு எழுத்து தெரியாது, பஸ்ஸின் பலகையைப் பார்த்து ஏறுவதில்லை, டிரைவர் கண்டக்டர் முகத்தைப் பார்த்துத்தான் ஏறுவாள் என்று எழுதியிருந்தது. அதை வாசித்ததும் எனக்குப் பொறி தட்டியது. முகத்தைப் பார்த்து ஏறுகிறவர்களின் முகம் பஸ்காரர்களுக்கும் தெரியும். நானும் அப்படி ஏறினவன்தானே. மலைக்குப் போகிற பஸ்களோ சிலதான், அதனால் அவர்களிடம் கேட்டால் தெரியும் என்று சட்டையை மாட்டிக்கொண்டு தம்பானூர் ஸ்டாண்டுக்குப் போனேன்.

பொன்முடியிலிருந்து இறங்கி வந்த பஸ்ஸின் கண்டக்டரைப் பிடித்தேன். நேற்றுக் கல்லாற்றில் கடைசி பஸ்ஸில் ஒரு பெண் ஏறியதா, லயத்துப் பெண், அனுஷா என்று பேர் என்றேன். “ஆ குட்டியோ? ஏறிச்சு அப்பூப்பா, மேல வரை அழுதுகிட்டேதான் வந்திச்சு, ஒரு அட்சரம் மிண்டலை, பேசவே இல்லை” என்றான். விண்ணப்பம் போகவில்லை என்று முடிவு செய்துவிட்டேன். நான் தின்ற சோறு, நான் எடுத்த மீன் முள், எல்லாம் அந்தப் பிள்ளையின் ஒரு வருஷத்தைத் தின்றுவிட்டது என்று நினைத்தேன். அங்கேயே சிமெண்டுத் திட்டில் உட்கார்ந்துவிட்டேன். அவன் பயந்து போய் எனக்கு எலுமிச்சை பிழிந்த நாரங்கா வெள்ளம் ஒன்று வாங்கிக் கொடுத்து, “நீங்க அவளுக்கு ஆராணு?” என்று உறவு கேட்டான். ஒன்றும் இல்லை, கை தூக்கினவன் என்றேன், அவனுக்கு என்ன புரிந்ததோ. அந்தக் குட்டி அடிவாரத்து விதுரைக்கு இறங்கும்போது விசாரித்து வைக்கிறேன், செவ்வாய்க்கிழமை வாருங்கள் என்றான். ஞாயிறும் திங்களும் நான் எப்படி இருந்தேன் என்று அம்மாவைக் கேட்காதே, அவளும் சரியாகச் சாப்பிடவில்லை, என்னைத் திட்டவும் இல்லை.

நேற்றுப் போனேன். பஸ் உள்ளே திரும்பும்போதே அவன் படியில் தொங்கிக்கொண்டு, “அப்பூப்பா, சங்கதி போயாச்சு, போயாச்சு! ரசீது வரை கிட்டி!” என்று ஸ்டாண்டு முழுக்கக் கேட்கும்படி கத்தினான். யாருக்கோ பிரசவம் என்று நினைத்து நாலு பேர் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். நான் அவன் கையைப் பிடித்துக்கொண்டேன். அப்புறம்தான் கேட்டேன், பிறகு ஏன் அழுதாள் என்று. அவன் குரலைத் தாழ்த்தினான். “அது வேற காரியம். அவ எழுதினதை அம்மைக்குக்கூடக் காட்டலையாம். அறியாத ஆளுகள் எல்லாம் வாசிச்சாச்சேன்னு அதுக்கு ஒரு நாணக்கேடு, வெக்கம். வேற ஆரோடயும் பறையாதீங்க” என்றான்.

பொன்செல்வி, இதற்காகத்தான் இந்தக் கடிதம். அந்தப் பெண் திங்கட்கிழமை விதுரைக்கு வந்திருக்கிறது, அங்கே சிக்னல் உண்டு, ஆனாலும் நம் குழுவில் போயிட்டது என்று ஒரு வார்த்தை எழுதவில்லை. ஏன் என்று இப்போது தெரிகிறது. உள்ளே வந்தால் அந்த மூன்று பக்கமும் எல்லாரும் பார்க்கும்படி அப்படியே தொங்கிக்கொண்டிருக்கிறது. நேரம் இல்லாமல் நாம் போடச் சொன்னோம், அதுவும் போட்டது, அப்போது வேண்டாம் என்று சொல்ல அதற்கு வழி ஏது. நான் கை தூக்கிய உடனே பதில் சொல்லியிருந்தால், அல்லது தூக்காமலே இருந்திருந்தால், கைலாஷ் ஒருவரே நிதானமாகச் சொல்லிக் கொடுத்திருப்பார், யாருக்கும் பக்கத்தைக் காட்ட வேண்டியிருந்திருக்காது. இப்போது என்னடா என்றால், கீழே பத்து இருபது பேர் கண்ணீர் வந்துவிட்டது என்றும் அந்தத் தாயை வணங்குகிறேன் என்றும் எழுதுகிறார்கள். நல்ல மனதோடுதான் எழுதுகிறார்கள். ஒருவர் இதை எல்லாருக்கும் பகிரலாமா என்று கேட்டிருக்கிறார். லயத்துப் பிள்ளைகள் கையிலும் போன் இருக்கிறது தாயி. யாராவது ஒருவன் அதை அந்த அம்மாவிடம் வாசித்துக் காட்டிவிட்டால், மகள் தன்னைப் பற்றி ஊருக்கெல்லாம் சொல்லிவிட்டாள் என்று ஆகிவிடும். அந்தப் பிள்ளை தன் வாயால் தன் அம்மாவிடம் சொல்ல வேண்டியதை எவனோ சொல்லக்கூடாது.

விஜயலக்ஷ்மி அம்மாவிடம் நேற்றே சொன்னேன். முதலில் யோசித்தார்கள், “நாளைக்கு இதே கஷ்டத்தோட வரவாளுக்கு வேணுமே, எழுதினது இருக்கணும்னுதானே சட்டம்?” என்றார்கள். எழுத்தை மாற்றுகிற வழி இருக்கட்டும், அந்தப் பெண்ணின் பக்கம் எதற்கு என்றேன். அதுவும் சரிதான் என்றார்கள். பிறகு, மற்றவர்கள் போட்டதை எடுக்கிற சாவி பொன்செல்வியிடம்தான் இருக்கிறது, அவளுக்கு எழுதுங்கோ என்றார்கள். பகிரலாமா என்று கேட்டவரிடம் நானே வேண்டாம் என்று எழுதிவிட்டேன், இந்தத் தடவை ‘ஞ’ ஒன்றும் வரவில்லை, சீக்கிரம் முடிந்தது.

அதனால் இதைப் படித்து முடித்த கையோடு, குழந்தைக்குப் பால் கொடுப்பதற்கு முன்னாலேயே, அந்த மூன்று பக்கத்தையும் அதன் கீழே வந்த பாராட்டையும் சேர்த்து எடுத்துவிடு. கைலாஷ் சொன்ன வழியை மட்டும் விட்டுவை. நான் பேசியதையும் விட்டுவை. எடுத்துவிட்டேன் என்று குழுவில் அறிவிக்காதே, அனுஷா பேரைச் சொல்லி ஒன்றும் எழுதாதே, மன்னிப்பும் கேட்காதே, ஒரு நாள் அது உள்ளே வந்து பார்க்கும்போது வெறும் இடமாக இருந்தால் போதும். அப்பாவுக்காக யாரிடமும் பரிந்து பேசவும் வேண்டாம். கல்லூரியில் பேர் வருமா வராதா என்பது அதன் எழுத்துக்கும் கல்லூரிக்கும் உள்ள பாடு, அதில் நாம் கை வைக்க ஒன்றும் இல்லை.

குளிரில் காதை மூடிக்கொண்டு போ, பிரஜினிடம் பனியில் வண்டியை மெதுவாக ஓட்டச் சொல். பேத்தியின் நெற்றியில் என் பேரைச் சொல்லி ஒரு முத்தம் கொடு. நம் சாமி சங்கிலிபூதத்தார் உங்கள் மூன்று பேரையும் காவலாக நின்று பார்த்துக்கொள்ளட்டும். அம்மா ஆசீர்வாதம் சொல்கிறாள், தானும் ஒரு வரி எழுதுவேன் என்று பேனாவை வாங்கினாள், மூலையில் இருக்கிற வட்டம் அவள் போட்டது. ஞாபகம், முதலில் அந்த மூன்று பக்கம், மற்றதெல்லாம் பிறகு. வருகிற ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து உனக்கு மறுபடியும் எழுதுவேன், அந்தக் கடிதத்தில் இதைப் பற்றி ஒரு வார்த்தைகூட எழுதத் தேவையில்லாதபடி செய்துவிடு, தாயி.

உன் அப்பா
மா. சொரிமுத்து